அத்தையின் நீல நோட்டு

எங்கள் வீட்டு வாசலில் போலீஸ் ஜீப் வந்து நின்றது அதுதான் முதல் தடவை. எனக்கு நான்காம் வகுப்பு அரையாண்டு விடுமுறை. தட்டில் இட்லியைப் பாதியில் போட்டுவிட்டு, "எங்க ஊட்டுக்கு ஜீப்பு வந்திருக்குது!" என்று கத்திக்கொண்டு கூட்டாளிகளைக் கூப்பிடத் தெருவில் ஓடினேன்.

போலீஸ் தேடி வந்தது எங்களோடு இருந்த அப்பாவின் தங்கையை. அத்தை சேந்தமங்கலத்தில் ஜெராக்ஸ் கடை வைத்திருந்தாள். மற்ற நேரத்தில் பத்திரிகைகளுக்கு எழுதுவாள். புதுச் சாலைக்காக எங்கள் பக்கத்துத் தோட்டங்களில் யாரையும் கேட்காமல் அளவுக்கல் நட்டிருந்தார்கள். ஏன் என்று கேட்டவர்களைப் பிடித்துப் போனார்கள். 'கேள்வி கேட்பதே குற்றமென்றால் நாம் குடிமக்களா, கைதிகளா?' என்று அத்தை எழுதியது அந்த வாரம்தான் அச்சாகியிருந்தது. எனக்கு அதில் புரிந்தது அத்தையின் பெயர் மட்டும். தெரு முழுக்கக் காட்டியிருந்தேன்.

நான்கு போலீஸ்காரர்கள் வீட்டைப் புரட்டினார்கள். புத்தகங்கள், செல்போன், கம்ப்யூட்டர் எல்லாம் நடு வீட்டில் குவிந்தன. அரசாங்கமே ஆளனுப்பி வாங்கிப் போகிற அளவுக்கு எங்கள் அத்தை எழுதியிருக்கிறாள்! எனக்குக் கால் தரையில் நிற்கவில்லை.

"வேற எதாச்சும் இருக்குதாம்மா?" என்றார் இன்ஸ்பெக்டர்.

"அவ்வளவுதானுங்க" என்றாள் அத்தை.

ராத்திரியில் எழுதி வைக்கிற நோட்டை மறந்துவிட்டாள் என்று நினைத்தேன். "நீல நோட்டு இருக்குதே, அத்தை!" என்று கூவிக்கொண்டே ஓடி, தவிட்டு மூட்டைக்குப் பின்னாலிருந்து அதை உருவி வந்து இன்ஸ்பெக்டர் கையிலேயே கொடுத்தேன். அவர் என் கன்னத்தைத் தட்டினார். அத்தை ஒரு நொடி கண்ணை மூடித் திறந்தாள். பிறகு, "நீல நோட்டு ஒன்னு எடுத்தோம்னு எழுதிக் கையெழுத்துப் போட்டுக் குடுங்க" என்றாள். அவளையும் ஜீப்பில் ஏற்றினார்கள். நானும் வாரேன் என்று குதித்தேன். அப்பா என்னை இறுக்கிப் பிடித்துக்கொண்டார்.

தங்களுக்கு நடந்ததை அத்தையை நம்பிச் சொன்ன ஐந்து குடும்பங்களின் பெயர்கள் அந்த நோட்டில் இருந்தன. அந்த வாரமே ஐந்து வீட்டுக்கும் போலீஸ் போனது.

ஜாமீனில் வந்த மறுநாள் காலையில், என்னை ஸ்கூட்டரின் பின்னால் உட்காரவைத்துக்கொண்டு அத்தை அந்த வீடுகளுக்குக் கிளம்பினாள். முதல் வீட்டுத் தோட்டக்காரர் எங்களை உட்காரக்கூடச் சொல்லவில்லை.

"பேரு வெளிய வராதுன்னு சொன்னியே அம்மிணி. எம் பையனப் புடிச்சுட்டுப் போனவங்க இன்னும் உடலயே."

"நாந்தானுங்க நோட்டைப் பத்திரமா வெக்கல. தப்பு என்னுதுங்க" என்று அத்தை கும்பிட்டாள்.

"இல்லீங்க, நாந்தான்..." என்று நான் ஆரம்பித்தேன். அத்தை என் கையைப் பிடித்து அழுத்தினாள். மற்ற நான்கு வீட்டிலும் இதே பேச்சு, இதே அழுத்தல்.

திரும்பி வரும் வழியெல்லாம் நான் அவளோடு பேசவில்லை. தேடி எடுத்துக் கொடுத்தது நான். அந்தப் பெருமையையும் தன் பேரிலேயே போட்டுக்கொள்கிறாளே என்று எனக்கு அவ்வளவு கோபம்.