கமலவேணி கேட்ட ஒரு வரிசை

கமலவேணி இறந்துவிட்ட செய்தி, நாங்கள் இருவரும் வேலை பார்த்த ஆய்வு நிறுவனத்திலிருந்து தொலைபேசியில் வந்தது. பேசியவர் நிர்வாகப் பிரிவில் புதிதாகச் சேர்ந்தவர். "கமலவேணி மேடம் தவறிட்டாங்க சார். வெள்ளிக்கிழமை இரங்கல் கூட்டம். நீங்க நாலு வார்த்தை பேசணும்" என்றார். நான் வாய் திறப்பதற்குள், "பழைய விவகாரம் எதுவும் வேண்டாம்னு டைரக்டர் சொல்லச் சொன்னார்" என்றார். சாவுச் செய்தியோடு நிபந்தனையும் சேர்ந்து வந்தது. அந்தக் கூட்டத்துக்கு நான் போகவில்லை. அவரை அறிந்த உங்களுக்காக இங்கே எழுதுகிறேன். பழைய விவகாரத்தைத்தான் எழுதப்போகிறேன்.

எண்பதுகளின் பிற்பகுதியில், அம்பத்தூர், ஆவடி, பூந்தமல்லி வட்டாரத்துக்கு உள்ளீடு–வெளியீடு அட்டவணை தயாரிக்கும் பணி எங்களுக்குக் கிடைத்தது. ஒவ்வொரு தொழிலும் யாரிடம் எவ்வளவு வாங்குகிறது, யாருக்கு விற்கிறது என்று வரிசையும் பத்தியுமாகக் கட்டம் போட்டுக் காட்டுவது அது. ஒரு தொழில் படுத்தால் கூடவே எவையெல்லாம் படுக்கும் என்று அதை வைத்துக் கணக்கிடலாம். நாடு முழுமைக்கும் இருந்த அட்டவணையைச் சுருக்கி இந்த வட்டாரத்துக்குப் பொருத்திவிட்டால் வேலை முடிந்தது என்றார் இயக்குநர். கமலவேணி எல்லோர் முன்னிலையிலும் சிரித்துவிட்டார். "சுருக்கினா அது அம்பத்தூர் ஆயிடுமா சார்? பஸ் ஏறினா போயிடலாம். போய்ப் பார்ப்போமே."

அவர் ஆவடி குவார்ட்டர்ஸில் வளர்ந்தவர். அம்பத்தூர்ப் பட்டறைகளில் சத்தத்துக்கு மேல் கத்திப் பேசுவதில் அவருக்கு எந்தச் சங்கடமும் இல்லை. வாகன உதிரிபாகம் செய்யும் பெரிய தொழிற்சாலை ஒன்று அங்கே இருந்தது. அதற்கு வேண்டிய ரப்பர் துண்டுகளைச் சின்னச் சின்ன ஷெட்டுகளில் வார்த்தார்கள். அந்தத் துண்டுகள் மூட்டை மூட்டையாக அயனம்பாக்கத்து வீடுகளுக்குப் போயின. அங்கே பெண்கள் பிளேடால் ஓரத்துப் பிசிறை நறுக்கிக் கொடுத்தார்கள். அவர்களில் ஒருத்தி தனம். "இன்னா மேடம், இத்தப் போயி எழுதிகினு கீறீங்க?" என்று கேட்டாள். "எழுதலைன்னா நீங்க இல்லவே இல்லைன்னு சொல்லிடுவாங்கம்மா" என்றார் கமலவேணி.

அந்த வேலைக்கு அட்டவணையில் தனி வரிசை வேண்டும் என்று கேட்டார். "வீட்டுல பொம்பளைங்க பொழுது போகலைன்னு செய்யறதுக்கெல்லாம் வரிசையா?" என்று இயக்குநர் அந்த வரிசையைக் கோடு போட்டு அடித்தார். சின்ன ஷெட்டுகளையும் 'இதர' என்பதற்குள் தள்ளினார். அட்டவணை அச்சாகி வந்தது. பாராட்டும் வந்தது, இயக்குநருக்கு.

தொண்ணூறுகளின் தொடக்கத்தில் அந்தத் தொழிற்சாலை வேறு மாநிலத்துக்குப் போவதென்று முடிவானது. யாருக்கெல்லாம் பாதிப்பு, யாருக்கெல்லாம் மாற்று வேலை தர வேண்டும் என்று முடிவு செய்ய அரசு ஒரு குழு போட்டது. எங்களிடம் அறிக்கை கேட்டார்கள். வரைவில் நான் வழக்கம்போல 'மறைமுக விளைவு' என்று எழுதியிருந்தேன். கமலவேணி அந்தத் தாளை என் மேஜையில் வீசினார். "மறைமுகம் யாருக்கு? உங்களுக்கும் எனக்கும். தனத்துக்கு அது நேரா வந்து அடுப்பைத்தானே அணைக்கும்?" அவர் அப்படித்தான். மென்மையாகச் சொல்லத் தெரியாது. அலுவலகத்தில் பாதிப் பேருக்கு அவரைக் கண்டால் பயம், எனக்கும்தான்.

குழுவின் விசாரணைக்கு இயக்குநர், கமலவேணி, நான் மூவரும் போனோம். கமலவேணி எழுந்து அந்தப் பெண்களைப் பற்றிப் பேசினார். குழுத் தலைவர் பொறுமையாகக் கேட்டார். பிறகு எங்கள் அட்டவணையைப் புரட்டிப் பார்த்துவிட்டு, "உங்க அட்டவணையிலேயே அப்படி ஒரு தொழில் இல்லையேம்மா?" என்றார்.

"இருந்தது. இதோ, பக்கத்துல உட்கார்ந்திருக்காரே, இவர்தான் அடிச்சார்."

இயக்குநர் தண்ணீர் தம்ளரை எடுத்துக் குடித்தார். இன்றைக்கும் அந்த மிடறு என் காதில் கேட்கிறது.

தொழிற்சாலை போயிற்று. நிரந்தரத் தொழிலாளர்களுக்கு ஏதோ ஏற்பாடு செய்தார்கள், அதில் தவறில்லை. ஷெட்டுகள் ஒவ்வொன்றாகப் பூட்டப்பட்டன. அயனம்பாக்கத்துக்கு மூட்டை வருவது நின்றது. கமலவேணியை நூலகத்துக்கு மாற்றினார்கள். வேலையை விட்டுவிட்டார். அதன்பிறகும் தனத்தையும் மற்றவர்களையும் கூட்டிக்கொண்டு அலுவலகம் அலுவலகமாக ஏறி இறங்கினார். போன இடத்திலெல்லாம் ஒரே பதில்: "இவங்க எதுலயும் வரலையே மேடம்." கடைசியில் ஒன்றும் கிடைக்கவில்லை. தனம் அடுக்குமாடி வீடுகளில் பாத்திரம் தேய்க்கப் போனாள்.

இரங்கல் கூட்டத்தில், இன்னும் பதவியில் இருக்கும் அதே இயக்குநர், "அமைதியாக உழைத்தவர், இந்த அட்டவணையின் தூண்" என்று பேசினாராம். அமைதியாம்! தாங்களே வாயை அடைத்துவிட்டு, அதை அவருடைய குணம் என்கிறார்கள். அந்தச் சொல்லுக்காக இந்த ஜன்மத்தில் அவரை மன்னிக்க மாட்டேன்.

கமலவேணியின் ஆவடி வீட்டுக்குத் துக்கம் கேட்கப் போனேன். தனமும் வந்திருந்தாள். அழவில்லை. "எங்களுக்கோசரம் கத்துறதுக்கு இவங்க ஒருத்தங்கதான் இருந்தாங்க. இனிமே யாரு கீறாங்க சார்?" என்றாள்.

இப்போது பூந்தமல்லி நெடுஞ்சாலையை அகலப்படுத்தப் போகிறார்கள். ஓரத்துப் பட்டறைகளில் எவை போகும், யாருக்குப் பாதிப்பு என்று கணக்கிட அதே அட்டவணையைத்தான் எடுத்திருக்கிறார்கள். திருத்தம் எதுவும் இல்லை. அடுத்த மாதம் மக்களிடம் கருத்துக் கேட்கக் கூட்டம் போடுகிறார்கள். தனத்திடம் சொல்லி வைத்திருக்கிறேன், அவளும் வருகிறாள். நான் சுபாவத்தில் கூட்டத்தில் எழுந்து பேசுகிறவன் அல்ல. ஆனால் எழுந்து நிற்பேன். நாகரிகமாகப் பேசுங்கள் என்று யாராவது சொன்னால் இன்னும் சத்தமாகப் பேசுவேன். கமலவேணியிடமிருந்து நான் எடுத்துக்கொண்டது அந்தக் குரலைத்தான்.