பின்னேரம் திரும்பிவிடலாம்

நம்புவதும் விடுவதும் உங்கள் விருப்பம். ஆனால் இதில் ஒரு வரிகூட நான் கட்டியது இல்லை. கொழும்பில் பதினொரு வருடம் பத்திரிகையில் செய்தி எழுதியவன் நான். பேய் கண்டேன் என்று யாராவது அலுவலகத்துக்கு வந்தால், தேநீர் கொடுத்து, தோளில் தட்டி அனுப்பிவிடுவோம். அப்படி அனுப்பப்பட வேண்டிய ஆளாக நானே ஆவேன் என்று நினைத்ததில்லை.

இன்னொன்று. இது இரவில் நடக்கவில்லை. பட்டப்பகலில் நடந்தது. 1976 ஜனவரி, சிட்னியில் ஒரு ஞாயிற்றுக்கிழமை. வெயில் நாற்பது பாகையைத் தாண்டும் என்று காலையிலேயே வானொலி சொல்லியிருந்தது.

நானும் மனைவி யோகாவும் அப்போது சிட்னியின் லிட்கம் பகுதியில் குடியிருந்தோம். இலங்கையிலிருந்து வந்து ஒன்றரை வருடம். பலகையால் கட்டிய பழைய வீடு. முன்பக்கம் வீட்டுக்காரருக்கு. பின்பக்கத்து இரண்டு அறைகள் எங்களுக்கு. சமைக்கிற குசினி இரு பக்கத்துக்கும் பொது.

வீட்டுக்காரர் பெயர் நோவிக். தனி ஆள். அறுபதைக் கடந்தவர். ரயில்வேப் பட்டறையில் வேலை செய்து ஓய்வு பெற்றவர். போலந்துக்காரர் என்று ஊருக்குச் சொல்லிக்கொண்டார். உண்மையில் ரஷ்யர். அது எனக்கு மட்டும் தெரியும். அவரிடம் ஒரு வினோதப் பழக்கம் இருந்தது. முழங்கால் வரை நீண்ட தடித்த கம்பளிக் கோட்டு ஒன்றை எந்த வெயிலிலும் கழற்றமாட்டார்.

"ஆளைப் பாக்கவே எனக்கு வேர்க்குது," என்பாள் யோகா. "நீங்கள் ஒருக்காச் சொல்லுங்கோவன். மனுசன் உள்ளுக்கை அவிஞ்சு போகப்போகுது."

"நான் சொல்லி ஆர் கேட்டது? நீ கேக்கிறியோ?"

"நான் என்ன கோட்டோ போட்டுக்கொண்டு திரியிறன்?"

இப்படி ஒரு சிரிப்பாகத்தான் அந்தக் கோட்டு எங்கள் வீட்டில் இருந்தது. டிசம்பரில் நத்தார் வாரம் வரை.

அந்த வாரம் ஒரு மாலை யோகா கடைக்குப் போயிருந்தாள். நோவிக் குசினியில் உருளைக்கிழங்கு உரித்துக்கொண்டிருந்தார். நான் எதிர்க் கதிரையில் பேப்பர் வாசித்துக்கொண்டிருந்தேன். நிமிர்ந்து பார்க்காமலே பேசத் தொடங்கினார். உடைந்த ஆங்கிலம். ஆனால் ஒரு சொல்லும் தடுமாறவில்லை.

ரஷ்யப் படையில் இருந்த அவர் 1942 இல் ஜெர்மானியரிடம் சிறைப்பட்டார். முகாமில் சாப்பாடு இல்லை. புல்லைத் தின்றார்கள். இடுப்புப்பட்டியை அவித்துத் தின்றார்கள். மாரிக் குளிர் தொடங்கியபோது ஜெர்மானியர் ஒரு மேசை போட்டு, அதில் பாண் ரொட்டியையும் சீருடையையும் வைத்தார்கள். தங்கள் பக்கம் நின்று சொந்த நாட்டோடு சண்டை பிடிக்கச் சம்மதிக்கும் ரஷ்யர்களுக்கு அந்தப் பாண். இவர் எழுந்து போனார்.

"சுட்டீர்களா?" என்று கேட்டேன். பத்திரிகைக்காரன் கேள்வி.

"துப்பாக்கி தந்தார்கள். ஆனால் எனக்கு ஜெர்மன் தெரியும், ஆங்கிலம் தெரியும். அதனால் என் வேலை பேசுவது."

ஒரு ரஷ்யக் கிராமம். பனிக்காலம். அந்த ஊர்க்காரர்கள் காட்டில் இருந்த கெரில்லாக்களுக்கு உணவு கொடுத்தார்கள் என்று சந்தேகம். ஜெர்மன் அதிகாரி ஒரு வசனம் சொன்னான். இவர் அதை ரஷ்ய மொழியில் சொன்னார்.

"ஒரு சின்னக் கூட்டம். எல்லோரும் தானியக் கொட்டகைக்கு வாருங்கள். கோட்டு எடுக்க வேண்டாம். பின்னேரம் திரும்பிவிடலாம்."

வந்தார்கள். பெண்கள், பிள்ளைகள், எல்லோரும். ஜெர்மானியன் சொல்லியிருந்தால் காட்டுக்குள் ஓடியிருப்பார்கள். தங்கள் மொழியில் ஒருவன் சொன்னதால் வந்தார்கள்.

"பிறகு கதவை வெளியால் பூட்டினார்கள்," என்றார். அடுத்த உருளைக்கிழங்கை எடுத்து உரித்தார்.

மூன்று வருடம் கழித்து யுத்தம் முடிந்தது. இவருடைய படை ஒஸ்திரியாவில் ஒரு பள்ளத்தாக்கில் ஆங்கிலேயரிடம் சரணடைந்தது. ரஷ்யாவிடம் ஒப்படைத்தால் சாவு அல்லது சைபீரியா என்று எல்லோருக்கும் தெரியும். ஆங்கிலேயர் அப்படிச் செய்யமாட்டார்கள் என்று நம்பினார்கள். ஒரு காலை, மரியாதையான இளம் ஆங்கில அதிகாரி ஒருவன் இவரைக் கூப்பிட்டான். உன் ஆட்களிடம் இதைச் சொல் என்றான்.

சின்னக் கூட்டம். கோட்டு வேண்டாம். பின்னேரம் திரும்பிவிடலாம்.

"அதே வசனம்," என்றார் நோவிக். "எனக்கு உடனே விளங்கியது. உலகத்தில் வேறு யாருக்கும் அப்படி விளங்கியிருக்காது."

"தெரிந்துமா சொன்னீர்கள்?"

"மொழிபெயர்ப்பவனை மட்டும் லொறியில் ஏற்றமாட்டோம் என்றார்கள்."

லொறிகளுக்குப் பக்கத்தில் நின்று ஒவ்வொரு பெயராகக் கூப்பிட்டார். ஒவ்வொருவனாக ஏறினான். ஒருவனும் திரும்பவில்லை.

பிறகு கத்தியைக் கீழே வைத்துவிட்டு என் மணிக்கட்டைப் பிடித்தார்.

"என்னிடம் வருவார்கள். வந்தால் நான் இங்கே இல்லை என்று சொல். நீ பேப்பர்க்காரன். உன்னை நம்புவார்கள். நான் அந்த லொறியில் ஏறமாட்டேன். ஏறவே மாட்டேன்."

சொல்கிறேன் என்றேன். கிழவரின் மனம் குழம்பிவிட்டது என்றுதான் நினைத்தேன். அவரை மன்னிக்கவும் முடியவில்லை, எழுந்து போகவும் முடியவில்லை. யோகாவுக்கு இது எதையும் நான் சொல்லவில்லை. அந்தக் கொட்டகைக் கதையைக் கேட்ட பிறகு அவளால் அந்த வீட்டில் நித்திரை கொள்ள முடியாது.

ஜனவரியில் அந்த வெள்ளிக்கிழமை, பின்னேரம், வீட்டு வாசலில் ஒரு லொறி நிற்கும் சத்தம் கேட்டது. நிறுத்தாமல் ஓடிக்கொண்டிருக்கும் எஞ்சின். பத்து நிமிடம் இருக்கும். யன்னல் சீலையை விலக்கிப் பார்த்தேன். தெரு வெறிச்சென்று கிடந்தது.

சத்தம் மட்டும் கேட்டுக்கொண்டே இருந்தது.

சனிக்கிழமையும் அதே நேரம். இம்முறை அலுமாரிக்குள் கோப்பைகள் ஒன்றோடொன்று உரசிக் கிணுகிணுத்தன. வீடு முழுக்க ஒரு மணம். நனைந்த கம்பளி மணம். அந்த மாதம் மழையே இல்லை.

"பக்கத்து வீட்டில ஆரோ போர்வை தோய்ச்சிருக்கினம் போல," என்றாள் யோகா. எஞ்சின் சத்தம் அவளுக்குக் கேட்கவில்லை.

பக்கத்து வீட்டு நாய் வீட்டுக்கு அடியில் புகுந்துகொண்டது. சாப்பாடு காட்டியும் வெளியே வரவில்லை.

ஞாயிறு. மூன்றே முக்கால் மணி. யோகா பின்வளவில் உடுப்புக் காயப்போட்டுக்கொண்டிருந்தாள். மரமெல்லாம் சில்வண்டுச் சத்தம், காது அடைக்கும் அளவுக்கு.

சட்டென்று நின்றது. எல்லா மரத்திலும், ஒரே நேரத்தில்.

பிறகு எஞ்சின்...

பிறகு கதவில் மூன்று தட்டு. மெதுவாக. மரியாதையாக.

திறந்தேன். ஒரு வெள்ளைக்கார இளைஞன். காக்கிச் சீருடை. தொப்பியைக் கழற்றிக் கக்கத்தில் வைத்திருந்தான். அந்த வெயிலில் அவன் முகத்தில் ஒரு துளி வேர்வை இல்லை. நான் அதுவரை கேட்டிராத ஒரு ரஷ்யப் பெயரைச் சொன்னான். பிறகு ஆங்கிலத்தில்:

"ஒரு சின்னக் கூட்டம். கோட்டு தேவையில்லை. பின்னேரம் திரும்பிவிடலாம்."

"அப்படி ஒருவரும் இங்கே இல்லை."

அவன் சிரித்தான். நல்ல சிரிப்பு.

"பரவாயில்லை. காத்திருக்கிறோம்."

படியிறங்கி, வீட்டின் பக்கவாட்டால் பின்புறம் நோக்கி நடந்தான். சரளைக்கல் பாதை அது. காலடிச் சத்தம் இல்லை.

அப்போதுதான் லொறியைப் பார்த்தேன். பச்சை நிறம், கன்வஸ் கூடாரம், பின்பக்கம் திறந்திருந்தது. இரண்டு பக்கமும் உட்காரும் வாங்குகள். பழைய சீருடையில் ஆண்கள். அவர்களுக்கு எதிரே தலையில் துணி கட்டிய பெண்கள், மடியில் பிள்ளைகள். முழங்காலோடு முழங்கால் முட்ட இருந்தார்கள். ஒருவர் மேலும் கோட்டு இல்லை. நாற்பது பாகை வெயிலில் அவர்கள் மூச்சு வெண்புகையாக வந்தது.

யாரும் என்னைப் பார்க்கவில்லை.

வாங்கின் நுனியில் ஓர் ஆள் இருக்க இடம் விட்டிருந்தார்கள்.

கதவைச் சாத்தினேன். பூட்டினேன். குசினிக்கு ஓடினேன். நோவிக் கதிரையில் இருந்தார்.

"போய்விட்டார்கள்," என்றேன்.

"இல்லை. பெயர் கூப்பிடுகிறார்கள். என் பெயருக்கு வந்துவிட்டார்கள்."

எனக்கு எஞ்சின் மட்டுமே கேட்டது. அவர் கோட்டுப் பொத்தான்களைக் கழற்றத் தொடங்கினார். ஒன்று... இரண்டு...

"போகாதீர்கள். அது பொய் என்று உங்களுக்குத் தெரியும்!"

"என்னைவிட யாருக்குத் தெரியும்?"

அவர் தோளைப் பிடித்தேன். பிடித்தேன் என்றுதான் நினைத்தேன். என் கை மரத்துப்போய் அவர் தோளில் கிடந்தது. விரல்கள் மடங்கவில்லை. யோகாவைக் கூப்பிட வாய் திறந்தேன்.

காற்றுத்தான் வந்தது.

கோட்டைக் கதிரையில் போட்டார். உள்ளே அவர் மிகவும் ஒல்லி. பிள்ளையின் தோள் போல இருந்தது.

"நான் இல்லை என்று சொன்னாயே, நன்றி," என்றார். "முப்பது வருடமாக நானும் அதைத்தான் சொன்னேன்."

நடந்தார். நான் பூட்டிய கதவு திறந்திருந்தது.

என் கால் அசையவில்லை.

எஞ்சின் உறுமியது... நகர்ந்தது... தேய்ந்தது.

சில்வண்டுகள் மறுபடி கத்தத் தொடங்கின.

பொலிஸ் வந்தது. தேடினார்கள். இன்றுவரை நோவிக் கிடைக்கவில்லை, உயிரோடும் சரி, உடலாகவும் சரி. எதிர்வீட்டு மார்கரெட் அம்மையார் அன்று பின்னேரம் முழுக்க விறாந்தையில் இருந்தவர். லொறி எதுவும் வரவில்லை என்றார். கிழவர் கோட்டில்லாமல் வெறும் சட்டையோடு தெருவுக்கு வந்ததைப் பார்த்திருக்கிறார். ஓரத்தில் நின்று ஒரு காலை உயரத் தூக்கினாராம், ஏணிப்படியில் ஏறுவது போல. "நான் கண் சிமிட்டினேன். அவ்வளவுதான்," என்றார்.

இத்தோடு முடிந்திருந்தால் நான் இதை எழுதியிருக்கமாட்டேன்.

பொலிஸ் போன பிறகு யோகா தேநீர் கொண்டுவந்தாள். லொறியைப் பற்றியோ வந்தவனைப் பற்றியோ அவளிடம் நான் மூச்சு விடவில்லை.

"அந்தத் தமிழ்ப் பொடியனை நீங்கள் உள்ளுக்கை கூப்பிட்டிருக்கலாம்," என்றாள். "அந்தரப்பட்ட நேரத்தில ஒரு துணையா இருந்திருக்கும்."

"எந்தத் தமிழ்ப் பொடியன்?"

"முன்பக்கம் உங்களோடை கதைச்சிட்டு வந்தவர். நான் உடுப்புக் காயப்போட்டுக்கொண்டு நிக்க, வேலியடியில வந்து நிண்டவர். வெள்ளைச் சேட்டு. நல்ல வடிவான தமிழ், எங்கட பக்கத்துத் தமிழ். எவ்வளவு நாளைக்குப் பிறகு கேட்டது! தேத்தண்ணி குடிச்சிட்டுப் போங்கோ எண்டன். ஆக்கள் காத்துக்கொண்டிருக்கினம் எண்டார்."

"என்ன கேட்டவன்?"

"வேறென்ன கேப்பினம்? எந்த ஊர் எண்டு. கொக்குவில் எண்டன். கொக்குவிலில எவடம் எண்டார். சொன்னன். ஆரின்ரை மகள் எண்டார். அப்பான்ரை பேரைச் சொன்னன்."

எங்கள் ஆட்கள் இருவர் எங்கே சந்தித்தாலும் முதலில் நடக்கும் பேச்சு இது. பதில் சொல்லாமல் விடுவதுதான் மரியாதைக் குறைவு. சிட்னியில் ஒரு தமிழ் முகத்தை மாதத்துக்கு ஒருமுறை காண்பதே அபூர்வம். அவள் மேல் என்ன பிழை?

"பிறகு?"

"ஆம்பிளைச் சகோதரங்கள் எத்தனை பேர் எண்டார். மூண்டு தம்பிமார் எண்டன். வயசு கேட்டவர். பேர் கேட்டவர்."

"சொன்னியோ?"

"ஓம். எங்கட ஆள்தானே? ஒவ்வொரு பேரையும் ஒருக்காத் திருப்பிச் சொல்லிப் பாத்தவர், மறக்காமல் இருக்கிறதுக்கு. அம்மா சின்னச் சத்தத்துக்கும் பயப்பிடுறவ எண்டும் சொன்னனான். சிரிச்சார். பயப்பிட ஒண்டுமில்லை அக்கா, ஒரு சின்னக் கூட்டம்தான், பின்னேரம் கொண்டுவந்து விட்டிடுவம் எண்டார். என்ன கூட்டம் எண்டுதான் எனக்கு விளங்கேல்லை... ஏன், உங்கட முகம் ஏன் இப்பிடிப் போகுது?"

இது நடந்து மூன்று வருடம் ஆகிறது. தம்பிமார் மூவரும் கொக்குவிலில் சுகமாக இருக்கிறார்கள். கடைசித் தம்பிக்கு இப்போது பத்தொன்பது வயது. ஊரை விட்டு வெளிக்கிடுங்கள், எங்காவது போங்கள் என்று மாறி மாறி எழுதுகிறேன். காரணம் என்ன என்று கேட்டு எழுதுகிறார்கள்.

நான் சொல்லக்கூடிய காரணம் ஒன்றும் என்னிடம் இல்லை.