சுமாராத்தான் ஆடினான்

வெயில் மண்டையைப் பிளக்கிற மத்தியானத்தில், காரின் பின்சீட்டில் கம்பளிக் கோட்டையும் குல்லாயையும் கையுறையையும் அடுக்கி வைத்துக்கொண்டு நான் வண்டி ஓட்டிப் போவதை ஊரில் யாராவது பார்த்தால், இவளுக்கு ஏதோ ஆகிவிட்டது என்றுதான் நினைப்பார்கள். நாங்கள் இருப்பது டல்லாஸுக்கு வடக்கே, ஆலனில். செப்டம்பர் முடிந்தும் இங்கே வெயில் அடங்காது. ஐஸ் அரங்கத்தின் பார்க்கிங்கில் தார் கொதிக்கும். கதவைத் திறந்து உள்ளே கால் வைத்தால் ஃப்ரீசருக்குள் நுழைந்த மாதிரி இருக்கும். நான் வாசலிலேயே நின்று கோட்டை மாட்டிக்கொள்வேன். முதுகில் வழிந்த வியர்வை காய்வதற்குள் பல் கிட்டித்துவிடும். என் மகன் ஜோயல், பக்கத்து ஊர்க் கல்லூரி ஒன்றின் ஐஸ் ஹாக்கி அணியில் கோல்கீப்பர். இது அவனுக்குக் கடைசி வருடம். அவன் ஆடுவதைப் பார்க்கத்தான் எனக்கு இந்த வேஷம்.

அந்த சீசன் அவர்களுக்கு விளங்கவே இல்லை. போன வருடம் நன்றாக ஆடியவர்கள், இந்த வருடம் கோப்பையைத் தூக்கிவிடுவார்கள் என்று எல்லோரும் நம்பியிருந்தார்கள். முதல் ஆட்டத்தில் தோற்றபோது யாரும் கவலைப்படவில்லை. அடுத்ததிலும் தோற்றார்கள். பிறகு அதுவே வழக்கமாகிவிட்டது. கடைசி நிமிடத்தில் தோற்பார்கள், ஒரு கோலில் தோற்பார்கள், ஜெயிக்க வேண்டிய ஆட்டத்தைக் கையில் வைத்துக்கொண்டே கோட்டை விடுவார்கள். ஐஸ் ஹாக்கியில் பந்து கிடையாது. பக் என்று ஒரு ரப்பர் வில்லையைத்தான் அடித்துக்கொண்டு ஓடுவார்கள். முன்னால் ஆடுகிற ஐந்து பேர் செய்கிற தப்பெல்லாம் கடைசியில் கோல்கீப்பரிடம்தான் வந்து சேரும். பக் உள்ளே விழுந்ததும் அவன் தலைக்குப் பின்னால் ஒரு சிவப்பு விளக்கு எரியும். அரங்கம் முழுக்க அவனைப் பார்க்கும். எனக்கு அந்த விளக்கைக் கல்லெடுத்து அடிக்கலாம் போல இருக்கும்.

ஆனால் தோல்வியைப் பற்றி எழுத நான் உட்காரவில்லை. தோற்றது அவர்கள், வயிறு எரிந்தது எனக்கு. காரணம் டெபி. அணியின் கேப்டன் டைலருடைய அம்மா. பனி கொட்டுகிற மினசோட்டாவில் பிறந்து, நடை பழகும்போதே ஐஸில் சறுக்கக் கற்றுக்கொண்டவள். ஆட்டம் முடிந்து பையன்கள் உடை மாற்றிக்கொண்டு முன்கூடத்துக்கு வருவார்கள். பெற்றோர் எல்லோரும் அங்கே காத்திருப்போம். ஜோயல் ஈரத்தலையோடு வெளியே வந்ததும் நேரே டெபியிடம் போவான். இரண்டாவது கோலுக்கு உன் பேரில் தப்பில்லை, நம் ஆளே உன்னை மறைத்துக்கொண்டு நின்றான் என்று அவள் கையை ஆட்டி விளக்குவாள். அவன் தலையைக் குனிந்து கேட்டுக்கொண்டே இருப்பான். அவள் அவன் தோளில் தட்டுவாள். அதற்கப்புறம்தான் என்னிடம் வந்து, "ஹாய் அம்மா, சாப்பிட என்ன இருக்கு?" என்பான். விளையாட்டைப் பேச அவள், சோறு போட நான். இதற்குப் பெயர் பொறாமைதான். வேறு நாகரிகமான பெயர் வைக்க எனக்கு விருப்பமில்லை.

அந்தச் சோறும் கூட முழுசாக என் கையில் இல்லை. ஆட்டம் முடிந்ததும் பையன்களுக்குத் தின்ன ஏதாவது பெற்றோர் கொண்டுவர வேண்டும் என்பது அங்கே முறை. முதல் ஆட்டத்துக்கு நான் ஊரிலிருந்து வந்த கோவில்பட்டிக் கடலைமிட்டாயைப் பெருமையாக எடுத்துக்கொண்டு போனேன். டெபி பெட்டியைத் திறந்து பார்த்துவிட்டு, பாம்பைப் பிடித்தவள் மாதிரி விரல் நுனியால் மூடினாள். ஒரு பையனுக்குக் கடலை ஆகாதாம், மூச்சு நின்றுவிடுமாம். அவள் சொன்னதில் நியாயம் இருந்தது. பெட்டியைக் காரில் வைத்துவிட்டுத் திரும்பி வந்தபோது, அவள் செய்துகொண்டு வந்த பீன்ஸ் குழம்பை ஜோயல் இரண்டாம் முறை வாங்கிக்கொண்டிருந்தான்.

எனக்கு ஹாக்கி தெரியாது என்று நினைத்துவிட வேண்டாம். கோவில்பட்டியில் பிறந்தவளுக்கு ஹாக்கி தெரியாமல் இருக்குமா? பள்ளிக்கூட அணியில் நான் முன்வரிசையில் ஆடினேன். அதை டெபியிடம் ஒருநாள் சொன்னேன். அவளுக்கு ஒரே ஆச்சரியம். இந்தியாவில் அவ்வளவு ஐஸ் அரங்கங்கள் இருக்கின்றனவா என்று கேட்டாள். ஐஸ் இல்லை, மண்தரை என்றேன். "ஓ, ஃபீல்ட் ஹாக்கி! தட்ஸ் சோ க்யூட்!" என்றாள். இங்கே அது பெண்பிள்ளைகள் பாவாடை கட்டிக்கொண்டு ஆடுகிற ஆட்டமாம். கோவில்பட்டியில் ஹாக்கி மட்டையோடு அலைகிற எந்த ஆம்பிளையிடமாவது அவள் இதைச் சொல்லிப் பார்க்க வேண்டும்.

எங்கள் மைதானம் கரிசல்மண். வெயிலில் இறுகிக் கிடக்கும், விழுந்தால் முழங்கால் தேய்ந்துவிடும். அப்பா தீப்பெட்டிக் கம்பெனி வேலை முடிந்து சைக்கிளில் வந்து, ஓரமாக நின்று பார்ப்பார். ஒருமுறை நான் கோல் போட்டு எங்கள் பள்ளிக்கூடம் ஜெயித்தது. பி.டி. டீச்சர் அப்பாவைக் கூப்பிட்டு, "சார், ஒங்க பிள்ள நல்லா வருவா" என்றார். அப்பா, "எங்க டீச்சர்! கம்பத் தூக்கிட்டுக் குறுக்கமறுக்க ஓடுதா, அவ்வளவுதான்" என்றார். நான் பக்கத்தில்தான் நின்றேன். எனக்குக் கொஞ்சமும் வருத்தமில்லை. ஏனென்றால் அன்றைக்கு என்னைக் கேரியரில் வைத்துக்கொண்டு அவர் நேராக வீட்டுக்குப் போகவில்லை. மார்க்கெட்டைச் சுற்றிக்கொண்டு போனார். தெரிந்த முகம் தென்பட்ட இடத்திலெல்லாம் சைக்கிளை நிறுத்தினார். என்ன விசேஷம் என்று அவர்கள் கேட்கும்வரை காத்திருந்து, "ஒண்ணுமில்ல, இவ ஏதோ ஒரு கோலப் போட்டுட்டாளாம்" என்பார். பெற்ற பிள்ளையைத் தன் வாயால் புகழ்ந்தால் கண் படும். நாங்கள் சபைக்குப் போகிறவர்கள், கண்ணேற்றை நம்பக்கூடாது. ஆனாலும் பெருமையடிப்பது பாவம் என்று அதற்கும் ஒரு வசனம் வைத்திருந்தோம். எப்படிப் பார்த்தாலும் பிள்ளையை மட்டம்தட்டித்தான் பேச வேண்டும். கேட்கிறவர் அதை மறுத்து நம் பிள்ளையைத் தூக்கிப் பேசுவார். எங்கள் ஊரில் பாராட்டு அப்படித்தான் வந்து சேரும்.

நவம்பரில் ஒரு ஆட்டம். அன்றைக்கு ஜோயல் தடுத்ததை நான் என்னவென்று சொல்வேன்! காலால் தடுத்தான், தோளால் தடுத்தான், விழுந்து புரண்டு முகமூடியால் தடுத்தான். இருந்தும் தோற்றார்கள். முன்கூடத்தில் எல்லாப் பெற்றோரும் நிற்கும்போது டெபி வந்து என் கையைப் பிடித்துக்கொண்டாள். உங்கள் மகன் இல்லாவிட்டால் இன்றைக்கு மானமே போயிருக்கும், அவன் அபாரம் என்றாள். எனக்கு உள்ளுக்குள் ஏசியைத் தாண்டிச் சூடு பரவியது. வாய் பாட்டுக்குப் பேசியது. "நோ, நோ, ஹி இஸ் ஒன்லி சோ-சோ. நிறைய விட்டுவிடுகிறான். கோல்கீப்பர் மட்டும் சரியாக இருந்தால் இவர்கள் ஜெயித்திருப்பார்கள்" என்று சிரித்துக்கொண்டே ஆங்கிலத்தில் சொன்னேன். சொல்லிவிட்டு, அவள் மறுப்பதற்காகக் காத்திருந்தேன். சும்மா இருங்கள், அவனைப்போல் யார் உண்டு என்று அவள் சொல்ல வேண்டிய இடம் அது. டெபி என் கையை விட்டாள். "ஓ," என்றாள். பிறகு மெதுவாக, "நாங்கள் அவனை மிகவும் உயர்வாக நினைக்கிறோம்" என்றாள். அந்த நாங்களில் நான் இல்லை.

தாங்க்ஸ்கிவிங் விடுமுறைக்கு ஜோயல் துணிமூட்டையோடு வீட்டுக்கு வந்தான். வந்ததும் வராததுமாகக் கேட்டான்.

"அம்மா, நாங்க தோக்கிறதுக்கு நான்தான் காரணம்னு எல்லார்கிட்டயும் சொன்னியா? டெபி வந்து, 'இஸ் எவ்ரிதிங் ஓகே அட் ஹோம்?'னு கேக்கிறாங்க."

அவள் நல்லெண்ணத்தில்தான் கேட்டிருப்பாள். அதுதான் எனக்கு இன்னும் எரிந்தது. நான் அவனை உட்காரவைத்து, கோவில்பட்டி, தாத்தா, சைக்கிள், கண்ணேறு எல்லாவற்றையும் சொன்னேன். அவன் பொறுமையாகக் கேட்டான்.

"ஸோ, நீங்க நினைக்கிறதுக்கு ஆப்போசிட்டா சொல்வீங்க?"

"ஆமாண்டா. ஒன்னப் பத்தி நானே எப்படிப் பெருசாச் சொல்லுவேன்?"

"ஓகே. இங்க யாரும் இல்ல. இப்போ சொல்லு. வாட் டூ யூ ஆக்சுவலி திங்க்?"

அவன் என் முகத்தையே பார்த்துக்கொண்டிருந்தான். எனக்குச் சொல்ல ஆயிரம் இருந்தது. "மொதல்ல சாப்பிடு, ஆறிப்போவுது" என்றேன். என் கணவர் சாம் பேப்பரிலிருந்து தலையைத் தூக்கி, "லே, ஒங்கம்மாவுக்கு ஒன்ன விட்டா வேற பேச்சே கெடையாது" என்றார். "என்கிட்ட மட்டும் பேசினதே இல்ல," என்றான் ஜோயல். அப்புறம் துணியை மெஷினில் போட்டுக்கொண்டே சீனியர் நைட்டைப் பற்றிச் சொன்னான். கடைசி உள்ளூர் ஆட்டத்துக்கு முன்னால், படிப்பை முடிக்கிற பையன்களைப் பெற்றோர் இருபக்கமும் கைகோத்து ஐஸின் மேல் நடத்திக்கொண்டு போவார்களாம். "யூ கைஸ் டோன்ட் ஹாவ் டு கம். பேரண்ட்ஸ் வர முடியாதவங்களை டெபி கூட்டிட்டுப் போவாங்க."

அந்த டிசம்பரையும் ஜனவரியையும் எப்படிக் கழித்தேன் என்று கேட்காதீர்கள். ஆட்டங்களுக்குப் போனேன், எதிரணிக்காரர்கள் பக்கம் போய் உட்கார்ந்துகொண்டேன். அங்கிருந்து பார்த்தால் டெபி கண்ணாடித் தடுப்பைக் கையால் அடித்து அடித்து ஜோயலின் பெயரைக் கத்துவது நன்றாகத் தெரியும். டைலர் ஆளில்லாத கோலில் அடிக்கத் தெரியாமல் வெளியே அடித்தபோது எனக்கு அல்ப சந்தோஷமாக இருந்தது. எங்கள் அணி தோற்றால்கூடப் பரவாயில்லை என்று தோன்றிய நேரங்கள் உண்டு. வேலைக்குக் காரில் போகும்போது தனியாகச் சொல்லிப் பழகினேன். "ஜோயல், நீ ரொம்ப நல்லா ஆடுற." யாரோ ஒருத்தி சீரியலில் பேசுகிற மாதிரி இருந்தது. "குட் ஜாப், ஜோயல்" என்றால் எங்கள் மேனேஜர் குரல் வந்தது. ஒருநாள் துணிந்து அவனைப் போனில் கூப்பிட்டேன். முட்டை வாங்கினியா என்று கேட்டுவிட்டு வைத்துவிட்டேன்.

பிப்ரவரியில் சீனியர் நைட் வந்தது. மத்தியானம் நடந்தாலும் அதன் பெயர் நைட்தான். வர வேண்டாம் என்றவனிடம் வருகிறோம் என்று சொல்லாமலே சாமை இழுத்துக்கொண்டு போனேன். ஐஸுக்குப் போகிற வழியில் பெற்றோரும் பையன்களும் வரிசையாக நின்றார்கள். டெபியின் ஒரு பக்கம் டைலர். இன்னொரு பக்கம் ஜோயல், அத்தனை கவசத்தோடும் அவளைவிட இரண்டு தலை உயரமாக. திரும்பிப் போய்விடலாம் என்று சாமின் சட்டையைப் பிடித்தேன். டெபிதான் எங்களை முதலில் பார்த்தாள். ஜோயலின் முதுகில் கைவைத்து எங்கள் பக்கம் தள்ளிவிட்டாள். என் மகனை எனக்குக் கொடுத்ததும் அவள்தான். ஐஸின் மேல் சிவப்புக் கம்பளம் விரித்திருந்தார்கள். இருந்தும் எனக்கு வழுக்கியது. ஜோயல் என் முழங்கையை இறுகப் பிடித்துக்கொண்டே வந்தான்.

அந்த ஆட்டத்திலும் தோற்றார்கள். அத்தோடு சீசன் முடிந்தது. முன்கூடத்தில் டெபி வந்தாள். அழுதிருந்தாள்.

"யூ மஸ்ட் பி ஸோ ப்ரவுட்," என்றாள்.

பல்லைக் கடித்துக்கொண்டு, எல்லோரும் கேட்கும்படி சொன்னேன். "யெஸ். ஹி இஸ் வெரி குட். ஹி இஸ் த பெஸ்ட்."

யாரோ கண்ணு வைத்துவிட்ட மாதிரி பயமாகக்கூட இருந்தது. பின்னாலிருந்து ஜோயலின் குரல் கேட்டது.

"வெயிட். அம்மா, இது ஆப்போசிட்டா?"

ஆமாம் என்றாலும் தப்பு, இல்லை என்றால் மறுபடியும் புகழ்ந்ததாகிவிடும். திரும்பி அவனைப் பார்த்தேன். கன்னத்தில் முகமூடியின் தடம், கண்ணோரம் சிவப்பு. "சுமாராத்தாம்லே ஆடுன," என்றேன். "கடைசில ரெண்டத் தடுத்திருக்கலாம்."

அவன் வாய்விட்டுச் சிரித்தான். குனிந்து, ஈரத்தலையை என் தோளில் வைத்து அழுத்தினான். நெடுநேரம் எடுக்கவே இல்லை.

"வாட் டிட் ஷி ஸே?" என்று டெபி கேட்டாள்.

"நத்திங்," என்றான் ஜோயல்.

டெபி சிரித்தபடியே அவனையும் என்னையும் மாறிமாறிப் பார்த்தாள். அந்தப் பார்வை எனக்குத் தெரியும். சீசன் முழுக்க என் முகத்தில் இருந்தது அதுதான். எனக்கு எவ்வளவு நிம்மதியாக இருந்தது என்று சொன்னால் என்னைத் தப்பாக நினைப்பீர்கள்.

அணிக்குக் கடைசி விருந்து எங்கேயோ ஒரு இடத்தில் டெபி ஏற்பாடு செய்திருந்தாள். ஜோயலின் கவச மூட்டை எங்கள் காரில் அடங்காது. அதைக் கொண்டுபோய் அவளுடைய டிரக்கில் ஏற்றிவிட்டு ஓடிவந்து என் பக்கத்தில் உட்கார்ந்தான். சாம் பின்சீட்டுக்குப் போனார்.

"அவங்க பின்னாடியே போம்மா. இடம் அவங்களுக்குத்தான் தெரியும்," என்றான்.

நெடுஞ்சாலையில் சனிக்கிழமைக் கூட்டம். என் மகன் பக்கத்தில் இருந்தான். டெபியின் வண்டி முன்னால் போய்க்கொண்டிருந்தது. நடுவில் வேறு எவனும் புகுந்துவிடாதபடி அவளை ஒட்டியே ஓட்டிக்கொண்டு போனேன்.