எக்ஸ்பிரஸ் டிரைவரின் பாலில்லாத சீஸ்

நாற்பத்தொரு பேரை நடுவழியில் உட்கார வைத்துவிட்டு, வயிற்றைப் பிடித்துக்கொண்டு கழிவறை தேடி நீங்கள் எப்போதாவது ஓடியிருக்கிறீர்களா? இல்லையா? அப்படியானால் சிரிப்பதற்கு முன்னால் இந்தச் சமையலறைக்குள் ஒரு நிமிடம் வாருங்கள்.

புதன்கிழமை மாலை. கழுத்தில் துண்டோடு நிற்கிற மனிதர் மிக்சியின் மூடியை இடது உள்ளங்கையால் அமுக்கிக்கொண்டு, வலது கையால் விசையைத் தட்டுகிறார். ஒரு தட்டு, ஒரு நிறுத்தம். ஜாரைத் தூக்கி ஒரு குலுக்கு. மறுபடியும் ஒரு தட்டு.

"ஒரேயடியா ஓட விட்டா முந்திரி எண்ணெய் விட்டுக்கும், களிம்பாயிடும். பிரேக் மாதிரிதான். சடார்னு மிதிச்சா நின்னுட்டு வர்றவங்க எல்லாம் ஒருத்தர் மடியில ஒருத்தர் விழுவாங்க. தட்டித் தட்டி மிதிக்கணும்."

பேச்சில் பிரேக் வருவதற்குக் காரணம் உண்டு. இவர் இருபத்து மூன்று ஆண்டுகளாகப் பதினான்காம் எண் பேருந்தின் ஓட்டுநர். வழியிலுள்ள அறுபத்திரண்டு நிறுத்தத்திலும் நின்று நின்று போகிற வண்டி அது. ஆனால் பணிமனையில் இவருக்கு வைத்திருக்கும் பெயர் 'எக்ஸ்பிரஸ்'. அந்தப் பட்டம் கிடைத்தது போன ஆண்டு, ஒரு வியாழக்கிழமை.

வியாழக்கிழமை பணிமனை கேன்டீனில் மக்ரோனி போடுவார்கள். மேலே தூவிக்கொள்ளத் துருவிய சீஸ். துருவியது என்பது மரியாதைக்குச் சொல்வது. பால்தூளும் மாவும் கலந்து டப்பாவில் வரும் மஞ்சள் பொடி அது. அன்றைக்கு ஆறு கரண்டி தூவிச் சாப்பிட்டுவிட்டு வண்டியை எடுத்தார். ஒரு மணி நேரத்தில் வயிறு இரைந்தது. பெட்ரோல் பங்க் ஓரமாக வண்டியை நிறுத்திவிட்டு ஓடினார். போன வேகத்தை ஒரு பயணி கைபேசியில் படம் பிடித்துப் பணிமனைக்கு அனுப்பிவிட்டார். 'கடமையின்போது பயணிகளைக் கைவிட்டது' என்று உதவி மேலாளர் மெமோ கொடுத்தார். இன்னொரு முறை நடந்தால் ஓட்டுநர் இருக்கை போகும், யார்டில் வண்டி கழுவி நிறுத்துகிற வேலைதான் என்று கடைசி வரியில் எழுதியிருந்தது.

"யார்டுல முன்னாடி பத்தடி, பின்னாடி பத்தடி. அதுக்குப் பேரு ஓட்டறதா? பொம்மை கார் விளையாட்டு" என்கிறார். சொல்லும்போது மட்டும் மிக்சிக் கை நின்றுவிடுகிறது.

மருத்துவர் சோதித்துப் பார்த்து, பாலிலுள்ள சர்க்கரை இவருக்குச் செரிக்காது என்று எழுதிக் கொடுத்தார். உலகத்தில் வளர்ந்த மனிதர்களில் பாதிக்கு மேற்பட்டவர்களுக்கு அது சரியாகச் செரிப்பதில்லை. குழந்தைப் பருவம் தாண்டியதும் குடல் அந்த வேலையைக் குறைத்துக்கொள்கிறது. இது நோயும் அல்ல, நடிப்பும் அல்ல. ஆனால் சீட்டைப் பார்த்த உதவி மேலாளர் கேட்ட கேள்வி: "எல்லாரும்தான் சாப்பிடறாங்க. உங்களுக்கு மட்டும் என்ன?" தனக்கு வராத வலியெல்லாம் அடுத்தவனுடைய சாக்கு என்று நினைப்பவர்கள் எல்லா அலுவலகத்திலும் நாற்காலி போட்டு உட்கார்ந்திருக்கிறார்கள்.

இன்னொன்றும் சொல்ல வேண்டும். பதினான்காம் எண்ணின் கடைசி நிறுத்தத்தில் ஊழியர்களுக்கென்று ஒரு கழிவறை இருக்கிறது. கதவு இருக்கிறது, கதவில் பூட்டு இருக்கிறது, சாவி மட்டும் நான்கு மணிக்குக் குமாஸ்தாவோடு வீட்டுக்குப் போய்விடுகிறது. வண்டிகளோ இரவு பத்து மணி வரை ஓடுகின்றன. ஆண்களாவது சுவரோரம் ஒதுங்குகிறார்கள். பெண் நடத்துநர்கள் என்ன செய்கிறார்கள் என்று எந்த மெமோவும் கேட்டதில்லை. அவர்கள் தண்ணீர் குடிக்காமல் வேலை செய்கிறார்கள்.

தேநீரில் பாலை விட்டது இவருக்குக் கஷ்டமாக இல்லை. சீஸைத்தான் விட முடியவில்லை. "டீயில பால் போனா டீ மிச்சம் இருக்கு. மக்ரோனில சீஸ் போனா என்ன மிச்சம்? ரப்பர் குழாய்!" வியாழக்கிழமை மேசையில் எட்டுப் பேர் உட்கார்ந்து ஒருவரை ஒருவர் வாரிக்கொள்வார்கள். அங்கே வெறும் குழாயை மென்றுகொண்டிருப்பவனைத்தான் முதலில் வாருவார்கள். அதனால் இவரே செய்யத் துணிந்தார்.

முதல் முயற்சி வேகவைத்த உருளைக்கிழங்கு. தையல்கடையில் துணி வெட்டும் வேலை செய்கிற மனைவி விரலில் தொட்டுப் பார்த்துவிட்டு, "ஏங்க, இது சுவத்துல பூசற பட்டி. ஹால்ல ஒரு விரிசல் இருக்கு, அங்க தடவுங்க" என்றார். இரண்டாவது, ரொட்டித்தூள். "இது மரக்கடைத் தூள்." மூன்றாவது முறை முந்திரி. ஊறவைத்து அரைத்ததால் கூழாகிவிட்டது.

இப்போது முறை கைவந்துவிட்டது. காய்ந்த முந்திரி ஒரு கோப்பை. இளஞ்சூட்டில் வாட்டி, நன்றாக ஆறவிட வேண்டும். சூட்டோடு அரைத்தால் ஒட்டிக்கொள்ளும். உலர்ந்த ஈஸ்ட் செதில் கால் கோப்பை. ரொட்டியை உப்ப வைக்கிற ஈஸ்ட் அல்ல, சாப்பாட்டில் தூவிக்கொள்வதற்கென்றே விற்கிற மஞ்சள் செதில். சீஸின் ருசி அதிலிருந்துதான் வருகிறது. முக்கால் தேக்கரண்டி உப்பு. பூண்டுப்பொடி அரைத் தேக்கரண்டி. காயவைத்த எலுமிச்சைத் தோல் ஒரு சிட்டிகை. பத்து பன்னிரண்டு தட்டு, அவ்வளவுதான். கரடுமுரடாக, மணல் போல உதிர வேண்டும். விரலிடுக்கில் எடுத்து உதிர்த்துப் பார்க்கிறார், ஒட்டாமல் விழுந்தால், "ரைட், போலாம்!" என்று மிக்சிக்கு விடை கொடுக்கிறார்.

டப்பாவின் மேல் தானே எழுதி ஒட்டிய சீட்டு: 'பால் கிடையாது. முந்திரி உண்டு. ஒத்துக்கொள்ளாதவர்கள் தொட வேண்டாம்.' தனக்குப் பால் ஆகாதது போல இன்னொருவருக்கு முந்திரி ஆகாமல் போகலாம் என்று யோசிக்க மேலாளர் பதவி தேவைப்படவில்லை.

முதல் வியாழக்கிழமை இரண்டு தட்டில் இரண்டு பொடியையும் வைத்து, எது எது என்று மேசையிலிருந்த மற்ற ஏழு பேரையும் சொல்லச் சொன்னார். நான்கு பேர் தவறாகச் சொன்னார்கள். "எக்ஸ்பிரஸ், வேலையை விட்டுட்டுக் கடை போடுய்யா!" என்றார்கள். வெறும் பொடியை அள்ளித் தின்று டப்பாவைக் காலி செய்தார்கள். அன்றிலிருந்து கேன்டீன் அலமாரியில் இவர் டப்பாவுக்கு ஓர் இடம்.

வினை வந்தது அந்த வெற்றியால்தான். போன மாதம் ஒரு வியாழக்கிழமை, மூன்று கரண்டி மக்ரோனி உள்ளே போன பிறகு நான்காவதை மூக்கருகே நிறுத்தினார்.

"அக்கா, என் டப்பாவை யாரு தொட்டது?"

கேன்டீன் அக்கா கரண்டியோடு வெளியே வந்தார். "நான்தான். பாதிக்கு மேல காலியா இருந்துச்சு. பாவம், நம்ம ஆளாச்சேன்னு போட்டு நிரப்பி வெச்சேன். பிசுபிசுன்னு இருந்துதுன்னு தொடச்சேன், அந்தப் பேப்பர் கையோட வந்துடுச்சு."

"எதைப் போட்டு நிரப்புனீங்க?"

"நம்ம சீஸ்தான். ரெண்டும் ஒண்ணாத்தானே இருக்கு?"

இவருடைய சமையலுக்கு இதைவிடப் பெரிய பாராட்டு கிடைத்ததில்லை. கிடைத்த நேரம்தான் சரியில்லை. வண்டி கிளம்பப் பன்னிரண்டு நிமிடம் இருந்தது.

நேரே உதவி மேலாளரிடம் போனார். "சார், தெரியாம பால் உள்ள போயிடுச்சு. இந்த டிரிப்புக்கு வேற ஆளு போடுங்க."

"இப்ப வலிக்குதா?"

"இப்ப இல்ல சார். ஒரு மணி நேரத்துல வலிக்கும்."

"வலிச்சப்புறம் வந்து சொல்லுங்க."

"வலிக்கும்போது நான் பஸ்ஸுல இருப்பேனே சார்!"

"மாத்து டிரைவர் யாரும் இல்லய்யா. வராத வலிக்கெல்லாம் லீவு கிடையாது. வண்டியை எடு."

இவர் அங்கிருந்த பணிப் பதிவேட்டைத் திறந்து, நேரத்தைப் போட்டு, கேட்டதையும் கிடைத்த பதிலையும் இரண்டே வரியில் எழுதிக் கையெழுத்திட்டுவிட்டு வந்தார்.

நான் அன்று அந்த வண்டியில் பயணியாக முன்வரிசையில் உட்கார்ந்திருந்தேன். இஞ்சினைக் கிளப்பாமல் எழுந்து திரும்பி நின்றார். நடத்துநர், முப்பது வயதுப் பெண், "அண்ணே, நான் சொல்லட்டுமா?" என்று கேட்டார். "வேணாம்மா. வயிறு என்னோடது" என்றவர் எங்களைப் பார்த்தார்.

"எல்லாரும் கொஞ்சம் கேளுங்க. எனக்குப் பால் ஆகாது. தெரியாம சாப்பிட்டுட்டேன். நடுவுல எங்கயாவது அஞ்சு, பத்து நிமிஷம் நிறுத்த வேண்டி வரும். அவசரமா போறவங்க பின்னாடி வர்ற இருபத்திரெண்டுல போயிடுங்க. அதுவும் பாதி வழி நம்ம வழிதான்."

கைப்பெட்டிக்காரர் ஒருவர் கடிகாரத்தைப் பார்த்தபடி இறங்கிக்கொண்டார். கடைசி வரிசையிலிருந்து ஒரு குரல்: "எங்க நிறுத்துவீங்க?"

"நூலகத்துக்கிட்ட. அங்கதான் பாத்ரூம் போனா ஏன் எதுக்குன்னு கேக்க மாட்டாங்க."

சிரிப்பு கிளம்பியது. காய்கறிப் பையை மடியில் வைத்திருந்த ஓர் அம்மாள் சொன்னார்: "நாப்பது வருஷமா பஸ்ல போறேன். நிக்கறதுக்கு முன்னாடியே சொன்ன முதல் ஆளு நீதான் தம்பி. எடு வண்டியை." வழியில் ஏறியவர்களுக்கெல்லாம் அந்த அம்மாளே செய்தி வாசித்தார்.

முப்பத்தோராவது நிறுத்தம் வரும்போது கழுத்துத் துண்டு நனைந்திருந்தது. அப்போதும் பிரேக்கைத் தட்டித் தட்டித்தான் மிதித்தார். நின்றவர்கள் யாரும் அசையவில்லை. ஓரம் கட்டினார், கைபிரேக்கை இழுத்தார், சாவியை நடத்துநர் கையில் கொடுத்தார். அப்புறம்தான் எக்ஸ்பிரஸ் ஆனார்.

ஐந்தாவது நிமிடத்தில் ஒரு கை மணிப் பொத்தானுக்குப் போனது. அம்மாள் அதைத் தட்டிவிட்டார். "கையை எடுய்யா. அந்தப் புள்ள என்ன, ஊர் சுத்தவா போயிருக்கு?" இருபத்திரண்டாம் எண் எங்களைக் கடந்து போனது. சன்னலோரம் கைப்பெட்டிக்காரர், வெற்றிப் புன்னகையோடு கையசைத்தார். நாங்களும் அசைத்தோம். ஏழாவது நிமிடம் இவர் திரும்பி வந்தார். தண்ணீர் குடித்தார். "ரைட்டா?" என்று நடத்துநரைக் கேட்டார். "ரைட்!" என்றது மொத்த வண்டியும்.

பயணத்தாளில் தாமதத்துக்குக் காரணம் எழுதும்போது நடத்துநரின் பேனா தயங்கியது. இது இரண்டாவது முறை. யார்டு என்று மெமோவில் இருப்பது அவருக்கும் தெரியும். அவர் விஷயத்தைச் சொன்னதும், காய்கறி அம்மாள் தன் பயணச்சீட்டைத் திருப்பி, 'முன்னாலேயே சொன்னார்' என்று எழுதிக் கையெழுத்திட்டு நீட்டினார். பேனா கைமாறியது. வண்டியில் இருந்த முப்பத்தெட்டுப் பேரும் சீட்டின் பின்னால் எழுதிக் கொடுத்தோம். ஒருவர் மட்டும் கூடுதலாக, 'தாமதம் பரவாயில்லை. மூன்றாவது சன்னல் திறக்க வரவில்லை' என்று புகாரையும் சேர்த்திருந்தார்.

விசாரணை இருபது நிமிடத்தில் முடிந்ததாம். ஒரு பக்கம் முப்பத்தெட்டுச் சீட்டு, மறுபக்கம் பதிவேட்டில் அந்த இரண்டு வரி. மேலாளர் இரண்டையும் படித்துவிட்டு உதவி மேலாளரை நிமிர்ந்து பார்த்தாராம். இருக்கை தப்பியது. மூன்றாவது சன்னல் மறுநாளே திறந்தது. கேன்டீன் அக்கா டப்பாவுக்கு அலமாரியில் தனித் தட்டே ஒதுக்கி, பூட்டுப் போடட்டுமா என்று கேட்டிருக்கிறார். "ஐயோ, பூட்டு மட்டும் வேணாங்க்கா" என்று கும்பிட்டிருக்கிறார் இவர்.

கடைசி நிறுத்தத்துச் சாவி விவகாரம் 'பரிசீலனையில் உள்ளது'.

நேற்று மாலை ஆறு மணி, அதே கடைசி நிறுத்தம். எல்லோரும் இறங்கிய பிறகு இவர் அந்தக் கதவிடம் போனார். பூட்டை விரல்களால் பிடித்து ஒருமுறை ஆட்டிப் பார்த்தார். எல்லா நாளும் பார்க்கிறாராம். திரும்பி வந்து, நடத்துநர் குடிக்காமல் வைத்திருந்த தண்ணீர் பாட்டிலை எடுத்து அவர் கையில் கொடுத்தார். "குடிம்மா. நூலகத்துல நிறுத்தறேன்."

உங்கள் ஊரிலும் ஒரு கடைசி நிறுத்தம் இருக்கும். நாளைக்கே அங்கே இறங்கி, ஊழியர் கழிவறையின் சாவி யாரிடம் இருக்கிறது என்று கேளுங்கள். பதில் வரும்வரை கேளுங்கள். அதுவரை, ஓட்டுநர் வண்டியை ஓரம் கட்டினால், மணியிலிருந்து தயவுசெய்து கையை எடுங்கள்.