நானூற்று எண்பது அடுக்களை

"பெருக்கி நோக்குங்க அம்மா, நானூத்தி எண்பது கிச்சன்! திருவனந்தபுரத்துல வேற எங்கயும் கிட்டாது" என்றான் கடைக்காரப் பையன். நாங்கள் தமிழில் பேசுவதைக் கேட்டதும் அவனும் எல்லையோரப் பாறசாலைத் தமிழுக்கு இறங்கிவிட்டிருந்தான். கதவுக்கு எட்டு நிறம். பளபளப்பு, பளபளப்பில்லாதது என்று இரண்டு வகை. கைப்பிடி ஐந்து, மேலே போடும் கல் ஆறு. பெருக்கிவிட்டு, தானே கண்டுபிடித்த கணக்கு மாதிரி என் முகத்தைப் பார்த்தான்.

யாரிடம்? முப்பது வருஷம் பிளஸ் ஒன் பிள்ளைகளுக்கு இந்தப் பெருக்கலைத்தான் கரும்பலகையில் எழுதி எழுதித் தொண்டை வறண்டவள் நான். மூன்று சட்டை, நான்கு பேன்ட், எத்தனை விதமாக உடுத்தலாம் என்று கேட்டால் ஏழு என்பார்கள் கடைசி பெஞ்சுக்காரர்கள். அவர்களை மன்னிக்கலாம், அவர்கள் எதையும் விற்க வரவில்லை.

என் மகன் பக்கத்தில் நின்று "வாவ்" என்றான். எஞ்சினியர். கழக்கூட்டத்தில் ஃப்ளாட் வாங்கியிருக்கிறான். ஸ்ரீவராகத்தில் இருக்கும் என் வீட்டைப் பூட்டிவிட்டு நானும் அங்கே போய் அவன் குடும்பத்தோடு இருப்பதாக ஏற்பாடு. கிச்சன் நிறம் மட்டும் அம்மாவின் இஷ்டம் என்று கூட்டிக்கொண்டு வந்திருந்தான். பெரிய மனசு!

பளபளப்புக் கதவைத் தடவிப் பார்த்தேன். கைப்பிடியே இல்லை.

"இதுல பிடி எங்கே?"

"பளபளப்புக்கெல்லாம் பிடி வேண்டாம் அம்மா. தள்ளினா துறக்கும்."

"அப்போ இதுக்கும் எதுக்கு அஞ்சு பிடியைப் பெருக்கினாய்? பளபளப்புக்கு எட்டாறு நாற்பத்தெட்டு. மத்ததுக்கு எட்டு, அஞ்சு, ஆறு, இருநூத்தி நாற்பது. ஆக மொத்தம் இருநூத்தி எண்பத்தெட்டு. மீதி எல்லாம் எங்கே போச்சு, காத்துலயா?"

பையன் சிரித்தான். மகனுக்குத்தான் முகம் சுருங்கியது. "அம்மா, நீ செத்த சும்மா இரேன்" என்றான். சும்மா இருப்பதற்கு என்னை எதற்கு அழைத்து வர வேண்டும்?

போன வருஷம் குளியலறையில் விழுந்து என் இடுப்பு எலும்பு உடைந்தது. கம்பி வைத்து ஒட்டினார்கள். வாக்கரைப் பிடித்து நடப்பேன், ஆனால் ஐந்து நிமிஷத்துக்கு மேல் நிற்க முடியாது. ஸ்ரீவராகத்தில் கேஸ் அடுப்பை இறக்கி, பழைய மேஜை ஒன்றின் மேல் வைத்துக்கொண்டேன். நாற்காலியில் உட்கார்ந்தபடி எனக்கு வேண்டிய, தேங்காய் அரைத்துவிட்ட மிளகூட்டலை நானே பண்ணிக்கொண்டேன். சமையலுக்கு ஆள் வைக்கிறேன் என்று வந்தவர்களை எல்லாம் விரட்டினேன். என் காப்பியை இன்னொருத்தி கலந்து கொடுத்து நான் குடிப்பதா? என் கையில் மிச்சமிருந்தது அது ஒன்றுதான். அதை விடமாட்டேன்.

அதனால், காட்சிக்கு வைத்திருந்த அடுக்களைக்கு முன்னால் ஒரு நாற்காலியைப் போடச் சொல்லி உட்கார்ந்து பார்த்தேன். மேடையின் விளிம்பு நெஞ்சுக்கு வந்தது, அடுப்பு தோளுக்கு. அதன் மேல் வாணலி வைத்தால் எண்ணெய் நேரே முகத்தில்தான் தெறிக்கும். காலை உள்ளே நீட்டவும் இடமில்லை, முட்டி கதவில் இடித்தது. எட்டு நிறத்தில் எந்த நிறத்துக் கதவில் இடித்துக்கொள்ளலாம் என்பதுதான் என் சுதந்திரம். எரிகிற கொள்ளியில் எந்தக் கொள்ளி நல்ல கொள்ளி?

"மேடை உயரம் எத்தனை வகை இருக்கு?" என்று கேட்டேன்.

"உயரம் ஒண்ணுதான் அம்மா. ஸ்டாண்டர்ட்."

"உட்கார்ந்து சமைக்கிறவாளுக்கு?"

பையன் என்னையும் வாக்கரையும் பார்த்தான். பிறகு குழப்பத்தோடு மகனைப் பார்த்தான். "சார் பறஞ்சாரே, அம்மா அடுக்களைக்குள்ள கேறவே மாட்டாங்கன்னு. அம்மாவுக்கு நிறம் மட்டும் காட்டினா போதும்னு."

மகன் செல்போனை எடுத்து எதையோ தேடினான்.

எனக்குக் கோபம் வரவில்லை. வந்தது அழுகை, அதை அந்தக் கடையில் காட்டுவேனா? எத்தனை எண்ணை வேண்டுமானாலும் பெருக்கு, நடுவில் ஒரு பூஜ்யம் விழுந்தால் எல்லாம் பூஜ்யம். வகுப்பில் இதை எத்தனை தடவை சொல்லியிருப்பேன்! அந்தப் பூஜ்யத்தைக் கடைக்காரன் போடவில்லை. நான் பெற்றது போட்டிருக்கிறது.

"உனக்குக் கஷ்டம் வேண்டாம்னுதாம்மா..." என்றான்.

"என் கஷ்டத்தை எங்கிட்ட கேக்கணும்டா."

அவன் செல்போனைப் பையில் போட்டுவிட்டு, பையனிடம் மேடையைக் குறைக்க முடியுமா என்று முணுமுணுத்தான்.

"அதுக்கென்ன சார், பற்றும், செய்யலாம். ஒரு பக்கம் தாழ்த்தி, கீழே கதவு இடாம விட்டா போதும். முன்னமே பறஞ்சிருந்தா வரைஞ்சே தந்திருப்பேனே."

அவ்வளவுதான் விஷயம். ஒருத்தர் வாயைத் திறந்திருந்தால் போதும்.

பையன் டேப்பை எடுத்து, நான் உட்கார்ந்திருந்தபடியே என் முழங்கை உயரத்தை அளந்தான். மகன் நிறங்கள் ஒட்டிய அட்டையை என்னிடம் நீட்டி, "எந்தக் கலர்ம்மா?" என்றான். குரல் இறங்கியிருந்தது.

அட்டையை அவன் கையிலேயே திருப்பிக் கொடுத்தேன்.

"நிறம் உன் இஷ்டம்" என்றேன்.