அரண்மனைப் பெண்ணின் அவையடக்கம்

சுவிஸ் நாட்டுப் பாசல் நகரில் நான் தரை துடைத்த இடம் ஒரு சங்கீதப் பள்ளி. முந்நூறு, நானூறு வருடத்துக்கு முந்திய ஐரோப்பிய இசையை மட்டும் அங்கே படிப்பித்தார்கள். எண்பதுகளின் நடுப்பகுதி அது. யாழ்ப்பாணத்தில் பெண்கள் பாடசாலை ஒன்றில் பத்து வருடம் சங்கீத ரீச்சராக இருந்த எனக்கு, அகதி விண்ணப்பம் கொடுத்தபின் கிடைத்த வேலை. ‘சங்கீதத்துக்குப் பக்கத்திலேயே இருக்கிறாய்’ என்று ஊரிலிருந்து கடிதம் எழுதி மகிழ்ந்தார்கள். ஓம், வாளியும் தும்புக்கட்டையும் போகிற அளவுக்குப் பக்கத்தில்தான் இருந்தேன்.

அங்கே ஒரு பேராசிரியர். நான் துடைத்துக்கொண்டு அவர் கதிரையடிக்கு வந்தால் பேச்சை நிறுத்தாமல் இரண்டு காலையும் தூக்குவார். முகத்தை ஒரு நாளும் தூக்கியதில்லை. அந்த இலையுதிர்காலத்தில் அவர் மாணவர்கள் ஒரு கச்சேரிக்குத் தயாரானார்கள். எல்லாம் அந்தக் காலத்து அரண்மனைகளில் பெண்கள் கட்டிய பாட்டுகள். அதில் ஒருத்தி இத்தாலியில் ஒரு பிரபுவின் அரண்மனையில் இருந்தவள். பாடுவாள், லூட் வாசிப்பாள், விழாக்களுக்குத் தானே இசை கட்டுவாள், புத்தகமும் அச்சிட்டாள். லூட் என்பது வீணையின் கழுத்தை முறித்துப் பின்னுக்கு மடக்கியதுபோல ஒரு சாமான். அதன் சத்தம் எனக்குப் பிடித்திருந்தது.

அவளுடைய பாட்டு அதைவிடப் பிடித்தது. அழுகை மேலே ஏறப்போகிற இடத்தில் ஒரு சுரத்தில் இறுக்கிப் பிடித்து, பிறகு மெல்ல இறக்கிவிடுவாள். எனக்குப் பொறாமையே வந்தது. கை தன்பாட்டில் தும்புக்கட்டையில் தாளம் போட, பாடிக்கொண்டிருந்த மாணவி அதைக் கண்டு சிரித்தாள். அப்படித்தான் அவள் எனக்குப் பழக்கமானாள்.

நிகழ்ச்சித்தாள் அச்சாகி வந்தபோது அந்த மாணவிதான் எனக்கு விளங்கும் ஜெர்மனில் மெல்ல வாசித்துக் காட்டினாள். பேராசிரியர் எழுதியிருந்தது இதுதான்: புத்தக முகவுரையில் இந்தப் பெண்ணே பிரபுவிடம் ‘அறிவு குறைந்த ஒரு பெண்ணின் எளிய முயற்சி, பொறுத்தருள்க’ என்கிறாள். ஆகவே அவள் சாட்சியப்படியே இவற்றைப் பொழுதுபோக்குப் பாட்டுகளாகக் கேட்போமாக.

நான் வாய்விட்டுச் சிரித்தேன். அட மனுசா, இதற்குப் பெயர் அவையடக்கம். பத்தாயிரம் பாட்டுப் பாடிய எங்கள் புலவனும் ‘நான் அறிவிலி, பிழை பொறுங்கள்’ என்றுதான் தொடங்குவான். அதைக் கேட்டு ‘பாவம், மூளையில்லாதவன்’ என்று ஏட்டை மூடி வைத்த மடையன் எங்கள் நாட்டில் ஒருவனும் இல்லை. இதை எனக்குத் தெரிந்த ஜெர்மனில் சொன்னேன். மாணவி ஓடிப்போய் அவரிடம் சொன்னாள். அவர் என்னை ஒருமுறை பார்த்தார். தாள் அச்சாகிவிட்டது என்றார். பிறகு, நான் துடைக்க வசதியாகக் காலைத் தூக்கினார்.

அதே மாதம் எங்கள் ஆட்களின் சரஸ்வதி பூசை. அதற்கு நான் பிலகரி ராகத்தில் ஒரு பாட்டுக் கட்டியிருந்தேன். பல்லவி டிராமில் வந்தது, சரணம் கழிப்பறை கழுவும்போது வந்தது. ஊரை விட்டபின் நான் கட்டிய முதல் பாட்டு. இந்த நாட்டில் எனக்கென்று இருந்தது அது ஒன்றுதான். எங்கள் ஒற்றை அறையில் ஆறு பிள்ளைகளுக்குப் பழக்கினேன். கீழ்வீட்டுக்காரி தும்புக்கட்டையால் தன் முகட்டில் இடித்தாள்.

பூசை நடத்தும் எங்கள் தமிழ்ச் சங்கத்தின் செயலாளர் டெலிபோன் எடுத்தார்.

“அக்கா, பாட்டு ஆர் எழுதினது? நிகழ்ச்சித்தாளிலை போடவேணும்.”

“ஏதோ எனக்குத் தெரிஞ்ச மாதிரி ஒண்டு கட்டினன் தம்பி. இவர்தான் எல்லாம் பாத்துத் திருத்தினவர்.”

இவர் என்றது என் கணவரை. சரளி வரிசைக்கும் சைக்கிள் பெல்லுக்கும் வித்தியாசம் தெரியாத மனிதர். அவர் செய்தது, தான் கோப்பை கழுவும் ரெஸ்டாரண்டில் போட்டோக்கொப்பி எடுத்து வந்தது மட்டும்.

பூசையன்று தாளைப் பிரித்தால், பாடலும் இசையும் அவர் பெயரில். பிள்ளைகள் அருமையாகப் பாடினார்கள். செயலாளர் ‘பாடலாசிரியரை’ மேடைக்கு அழைத்தார். இவர் என்னை ஒருமுறை பார்த்தார், எழும்பினார், போனார். பொன்னாடைக்குக் கழுத்தை நன்றாக வளைத்துக் கொடுத்தார்.

திரும்பி வரும்போது டிராமில் கேட்டேன். “ஏன் வாயை மூடிக்கொண்டு வாங்கினீங்கள்?”

“சபையிலை நான் என்னத்தைச் சொல்லுறது? நீர்தானே நான் திருத்தினதெண்டு சொன்னனீர்.”

நுணலும் தன் வாயால் கெடும். பேராசிரியராவது வெள்ளைக்காரர், எங்கள் வழக்கம் அறியாதவர். அவையடக்கத்தைத் தாய்ப்பாலோடு குடித்த எங்கள் ஆட்களுக்கு என்ன வந்தது? ஆண் சொன்னால் பணிவு, பெண் சொன்னால் வாக்குமூலம். பேராசிரியரைப் பார்த்துச் சிரித்த என் சிரிப்பை நினைக்க எனக்கே வெட்கமாக இருந்தது. அன்றிரவு நான் சாப்பிடவில்லை. பொன்னாடையை இவர் மடித்து அலமாரியில் வைத்தார்.

அடுத்த வருடம் செயலாளர் மறுபடி எடுத்தார். “அக்கா, அண்ணையிட்டைச் சொல்லி இந்த முறையும் ஒரு பாட்டு எழுதுவியுங்கோவன்.”

“அவர் இஞ்சைதான் நிக்கிறார். நீங்களே கேளுங்கோ தம்பி” என்று றிசீவரை இவர் கையில் கொடுத்துவிட்டு, கறிக்கு லீக்ஸ் வெட்டப் போனேன்.

“ஓம்… ஓம்…” என்றார். பிறகு றிசீவரைக் கையால் பொத்திக்கொண்டு என்னைப் பார்த்தார். “என்ன ராகமெண்டு கேக்கிறார்.”

“சொல்லுங்கோவன்.”

லீக்ஸ் முழுவதும் வெட்டி முடிந்தது. அவர் காது சிவந்துவிட்டது. கடைசியில் டெலிபோனுக்குச் சொன்னார்: “தம்பி, எனக்கு உதொண்டும் தெரியாது. போன வருசத்துப் பாட்டும் இவ கட்டினதுதான்.”

நான் கையைத் துடைத்துக்கொண்டு றிசீவரை வாங்கினேன்.

“அக்கா, அதை அப்பவே சொல்லியிருக்கலாமே” என்றார் செயலாளர்.

அந்த அரண்மனைப் பெண்ணை இப்படித் திரும்பக் கூப்பிட்டுக் கேட்க ஒருவரும் இருக்கவில்லை.

“இப்ப சொல்லுறன், எழுதிக்கொள்ளுங்கோ” என்றேன். “போன வருசத்துப் பாட்டு நான் கட்டினது. நல்ல பாட்டு. அதிலை ஒரு பிழையுமில்லை.”