எட்டங்குல நெடுஞ்சாலை

மல்லசமுத்திரம் குணசீலன் போன தை மாதம் நெஞ்சுவலியில் இறந்தார். வயது அறுபத்து நான்கு. முப்பது வருடம் ரிக் வண்டியில் ஊர் ஊராகப் போய் ஆழ்துளைக் கிணறு போட்டவர். அதன் பிறகு எட்டு வருடம் குட்டியானை வண்டியில் கோழிப்பண்ணை முட்டையைக் கடைகளுக்கு ஏற்றிப் போனார். மூன்றாவதாக ஒரு வேலையும் பார்த்தார். மத்தியானம் சாப்பிட்டுவிட்டு உட்கார்ந்தால் சாயங்காலம் வரை, கணினியில் ஐரோப்பா முழுக்க லாரி ஓட்டுவார்.

அந்த விளையாட்டை ஏற்றிக் கொடுத்தது மகள் ஜோதி. பொங்கல் விடுமுறை நாலு நாளைக்குப் பொழுது போகட்டும் என்று கொடுத்தாள். அது நாலு வருடம் ஓடியது.

குணசீலன் அதை விளையாட்டாக விளையாடவில்லை. வண்டி எடுக்கும் முன் கண்ணாடியைச் சரி செய்வார். யாருமே இல்லாத சிக்னலில் நிற்பார். சரக்கை இறக்கியதும் எஞ்சினை அணைத்துவிட்டு, எழுந்து போய்க் காலைக் கழுவிக்கொண்டு வந்து காபி கேட்பார்.

"ஏனுங்க, இத்தனை தூரம் போறீங்களே, அந்த ஊருல ஒரு டீக்கடை கூடவா இல்லை?" என்பாள் மனைவி சௌந்திரம்.

"இருக்குது புள்ள. பாஷை தெரியாம என்னன்னு கேக்கறது?"

ஜோதிக்கு இதிலெல்லாம் குறை இல்லை. ஒரே ஒரு குறைதான். பத்தொன்பது அங்குல அகலத் திரையின் நட்ட நடுவில், எட்டு அங்குலத்துக்கு ஒரு சின்ன ஜன்னலைத் திறந்து வைத்துக்கொண்டு அதற்குள் ஓட்டுவார். சுற்றிலும் காலியாகக் கிடக்கும் நீலம். சாண் அகல ரோட்டில் நாற்பது டன் லாரி.

ஜோதி பெங்களூரில் திரை மென்பொருள் வேலையில் இருந்தாள். ஒரு படம் எந்தத் திரையில் வந்தாலும் ஓரம் வெட்டுப்படாமல், இழுபடாமல் நிறைந்து நிற்க வேண்டும். நிற்காவிட்டால் ஏன் என்று கண்டுபிடிக்க வேண்டும். சம்பளமே அதற்குத்தான். அப்படிப்பட்டவளுடைய அப்பா எட்டு அங்குலத்தில் ஓட்டுவது, சமையல்காரர் வீட்டில் பிஸ்கட் தின்று படுப்பது போல இருந்தது அவளுக்கு.

போனில் சொல்லிக் கொடுத்தாள். "ஆல்ட்டையும் என்டரையும் சேர்த்து அமுக்குங்க அப்பா. முழுத்திரையா மாறிடும்."

"மாறிருச்சு சாமி. நல்லா இருக்குது."

"இனிமே இப்படியே ஓட்டுங்க."

"சரி சாமி."

மறுநாள் ஜோதி பெங்களூரிலிருந்தே இணையம் வழியாக அந்தக் கணினிக்குள் எட்டிப் பார்த்தாள். எட்டு அங்குலம். ஆல்ட்டையும் என்டரையும் சேர்த்து அமுக்கினால் திரும்பவும் சின்னதாகும் என்பதை அவராகவே கண்டுபிடித்திருந்தார்.

கேட்டால் வாரத்துக்கு ஒரு காரணம் வரும். முழுத்திரையில் லாரி டீசல் அதிகம் குடிக்கிறது என்றார். அம்மா மணி பார்க்க வேண்டுமாம், கடிகாரம் மறைந்துவிடுகிறது என்றார். சுவரில் இரண்டு கடிகாரம் இருக்கும் வீடு அது. இன்னொரு வாரம், "பெருசா வெச்சா குளுருது சாமி, அத்தனையும் பனி" என்றார். ஒரே ஒரு தடவை மட்டும் வேறு மாதிரி சொன்னார். "டப்பாவுல ஓட்டுனா வண்டி கைக்குள்ள நிக்குது. ஃபுல் ஸ்கிரீன்ல எங்கியாவது போய் முட்டிக்குது."

ஜோதி அதைக் கேட்டுச் சிரித்தாள். "முப்பது வருசம் ரிக் வண்டி ஓட்டுனவரு சொல்ற பேச்சா இது?"

கடைசியில் அவளுக்கு ரோஷம் வந்துவிட்டது. ஒரு ஞாயிற்றுக்கிழமை, விளையாட்டின் அமைப்புக் கோப்பில் முழுத்திரை என்று எழுதி, அதை யாரும் மாற்ற முடியாதபடி பூட்டினாள். ஆல்ட், என்டர் இரண்டும் சேர்ந்தாலும் ஒன்றும் நடக்காதபடி ஒரு குட்டி நிரலும் எழுதி வைத்தாள். பிறகு போன் செய்து சொன்னாள்: "அப்பா, டப்பாவுக்கு சீல் வெச்சாச்சு."

"செரி" என்றார் குணசீலன். அதற்கு மேல் அவர் ஒன்றும் பேசாததை ஜோதி வெற்றி என்றே எடுத்துக்கொண்டாள். அந்த வாரம் முழுக்கப் புகார் வரவில்லை. எட்டிப் பார்த்தபோதெல்லாம் திரை நிறைய ரோடு ஓடிக்கொண்டிருந்தது.

ஆடிப் பதினெட்டுக்கு ஊருக்கு வந்தாள். மத்தியானம் உள்ளே நுழைந்தவள் வாசற்படியிலேயே நின்றுவிட்டாள். கணினி அதன் மேசையில் இருந்தது. அப்பா அங்கே இல்லை. நாலடி பின்னால் தள்ளி, சமையற்கட்டு நிலைப்படியை ஒட்டி, நாற்காலி போட்டு உட்கார்ந்திருந்தார். மடியில் விசைப்பலகை. அதன் கம்பி தரையில் பாம்பு மாதிரி ஊர்ந்து மேசை வரை போனது. திருச்செங்கோட்டில் தேடி ஒரு நீட்டுக் கம்பி வாங்கி மாட்டியிருந்தார்.

"இதென்னப்பா, தியேட்டர்ல கடைசி வரிசை டிக்கெட்டா?"

"நீதான் முன் வரிசையப் பூட்டிப் போட்டியே."

சௌந்திரம் உள்ளிருந்து சொன்னாள்: "குழம்புக் கிண்ணத்தத் தூக்கீட்டு நான் எப்படி வெளிய வாரதுன்னு கேளு சாமி. ஆரன் அடிச்சாத்தான் வழி உடறாரு."

மூன்று பேரும் சிரித்தார்கள். ஜோதி போட்டோ எடுத்துக்கொண்டாள். எடுத்த படத்தைப் பார்த்துக்கொண்டே இருந்தவளுக்குச் சிரிப்பு மெல்ல நின்றது. திரையை விட்டு யாரும் காரணமில்லாமல் தள்ளிப் போவதில்லை. கிட்டப் பார்வை மங்கியிருந்தால் எழுத்தைப் படிக்கத் திணறுவார். அவரோ பேப்பரைப் பொடி எழுத்து உட்படப் படிக்கிறவர்.

அம்மாவின் தையல் டேப்பை எடுத்து வந்தாள். நாற்காலி முன்பு இருந்த இடத்தில் உட்கார்ந்தால் நெற்றியிலிருந்து திரைக்கு இருபத்திரண்டு அங்குலம். எட்டங்குல ஜன்னல். இப்போது அப்பாவின் நெற்றியிலிருந்து திரைக்கு ஐம்பத்திரண்டு அங்குலம். பத்தொன்பது அங்குலப் படம். போனில் கணக்குப் போட்டாள். படத்தின் அகலத்தைத் தூரத்தால் வகுத்தால் இரண்டும் கிட்டத்தட்ட ஒரே எண். அதாவது, படம் பெரிதானாலும் சிறிதானாலும், அப்பாவின் கண்ணுக்குள் ஒரே அகலத்துக்குத்தான் அவர் அதை உள்ளே விடுகிறார். அளவு எடுக்காமலேயே அரை அங்குலம் பிசகாமல் நாற்காலியைப் போட்டிருந்தார்.

பூட்டியிருக்க வேண்டியது விளையாட்டுக் கோப்பு அல்ல, வாசலில் நிற்கும் வண்டி என்று ஜோதிக்குப் பட்டது.

வெளியே போய்க் குட்டியானையைப் பார்த்தாள். இடது பக்கக் கண்ணாடி கட்டுக்கம்பியால் கட்டியிருந்தது. இடது கதவின் நெடுகச் சிமெண்டு உரசிய கோடு.

"இது எப்பம்மா?"

"இது மூணாவது கண்ணாடி" என்றாள் சௌந்திரம். "பண்ணை கேட்டுக் கம்பத்துல முட்டிக்கிச்சாமா. கம்பத்த ஆரோ நகத்தி வெச்சுட்டாங்கன்னு சொல்றாரு."

"கம்பத்தையா?"

"நானும் அதேதான் கேட்டேன்."

அன்று சாயங்காலம் ஜோதி அப்பாவை நேராகப் பார்க்கச் சொல்லி உட்கார வைத்தாள். பக்கவாட்டில் நின்று விரலை ஆட்டினாள். "எத்தனை விரல்?" என்றாள்.

குணசீலன் சடக்கென்று தலையைத் திருப்பிப் பார்த்து, "ரெண்டு" என்றார்.

"திரும்பக் கூடாதுப்பா."

"திரும்பாம எப்படிப் பாக்கறது?"

அந்தப் பதிலைக் கேட்டு சௌந்திரம் சிரித்தாள். ஜோதி சிரிக்கவில்லை.

மறுநாள் சேலத்துக்குக் கண் மருத்துவமனைக்குப் புறப்பட்டார்கள். யாரிடமும் சாவி கொடுக்காதவர் என்பதால் குணசீலனே ஓட்டினார். ஜோதி பக்கத்தில் உட்கார்ந்து, இடது பக்கம் வந்த ஒவ்வொரு சைக்கிளையும் ஒவ்வொரு ஆட்டையும் எண்ணிக்கொண்டே வந்தாள். அவர் முகத்தில் அவை எதுவும் பதியவில்லை. வழியெல்லாம் அவர் கண் பரிசோதனையை நக்கல் செய்துகொண்டிருந்தார். கண்ணாடி போட்டால் தன் மூக்குக்கு எடுக்காது என்றார்.

இருட்டறையில் பானையைப் படுக்க வைத்தது போல் ஒரு வெள்ளைக் கருவி. தாடையை அதன் விளிம்பில் வைத்து, ஒரு கண்ணை மூடி, நடுவில் எரியும் மஞ்சள் புள்ளியையே பார்க்க வேண்டும். சுற்றுமுற்றும் எங்கேயாவது பொட்டு வெளிச்சம் வந்தால் கையிலிருக்கும் பொத்தானை அமுக்க வேண்டும். கருவியைப் பார்த்துக்கொண்ட பெண்ணின் பெயர் பிரீத்தி.

"ஐயா, கண்ண மட்டும் அசைக்காதீங்க. வெளிச்சம் தெரிஞ்சா அமுக்குங்க."

"இதும் கேமுதானுங்களா?" என்றார் குணசீலன், குஷியாகி.

ஐந்து நிமிடம் பொத்தான் சத்தம் டிக் டிக்கென்று கேட்டுக்கொண்டே இருந்தது. ஜோதிக்கு உயிர் வந்தது. கணக்கில் தான்தான் எங்கோ தப்புச் செய்திருக்க வேண்டும் என்று நினைத்தாள். ஆனால் பிரீத்தி தாளைப் பார்த்துவிட்டு நெற்றியைச் சுருக்கினாள்.

"இந்தத் தாளு செல்லாது மேடம். மெஷினு நடுநடுவுல வெளிச்சம் போடாம சும்மா சத்தம் மட்டும் குடுக்கும், ஆளு நெசமாப் பாக்கறாங்களான்னு தெரிய. ஐயா அதுக்கெல்லாம் சேத்து அமுக்கியிருக்காங்க."

குணசீலன் நிமிர்ந்து உட்கார்ந்தார். "சத்தம் வந்துச்சுங்களே அம்மணி. உள்ள ஒண்ணு கிருக்குன்னு திரும்பும், அப்பறம் டக்குங்கும். அந்த டக்குல அமுக்குனேன்."

பிரீத்திக்குப் புரியவில்லை. ஜோதிக்குப் புரிந்தது. ஐந்நூறு அடி ஆழத்தில் என்ன இருக்கிறது என்று ரிக்காரன் கண்ணால் பார்ப்பதில்லை. பாறையா, வெடிப்பா, தண்ணீரா என்று துளை போடும் சுத்தியலின் சத்தத்தை வைத்துத்தான் சொல்வான். முப்பது வருடம் அந்தக் காதை வைத்துப் பிழைத்தவர், கண்ணைச் சோதிக்கும் கருவியையும் காதாலேயே ஜெயித்துவிட்டார்.

வெளியே பெஞ்சில் உட்கார்ந்ததும் ஜோதி கேட்டாள். "தெரியாமத்தான் அமுக்குனீங்களா அப்பா?"

அவர் பொத்தானைப் பிடித்திருந்த கட்டைவிரலைத் தேய்த்துக்கொண்டிருந்தார். "தெரியலைன்னு சொன்னா வண்டியப் புடுங்கிக்குவாங்க. அப்பறம் நான் ஊட்டுல உக்காந்து என்ன பண்றது?"

"எத்தனை நாளா இப்படி?"

"ரெண்டு வருசம் இருக்கும். மொதல்ல வண்டிக் கண்ணாடி அழுக்குன்னு நெனச்சேன். தொடச்சுத் தொடச்சுப் பாத்தேன்." விரலைத் தேய்ப்பதை நிறுத்திவிட்டு, "அந்த டப்பாவுல மட்டுந்தான் சாமி எல்லாம் முழுசாத் தெரிஞ்சுது" என்றார்.

ஜோதி எதிர்ச் சுவரைப் பார்த்தபடி பேசினாள். "பண்ணை கேட்டுல நின்னது கம்பம். ஆள் நின்னிருந்தா?"

நடைபாதையில் ஒரு செவிலி சக்கர நாற்காலியைத் தள்ளிக்கொண்டு போனாள். அது அவர் முழங்காலுக்கு நேரே வரும் வரை அவர் காலை இழுக்கவில்லை. இழுத்த பிறகு, போகும் நாற்காலியைத் தலையைத் திருப்பி வெகு நேரம் பார்த்துக்கொண்டிருந்தார்.

பிறகு எழுந்து தானாகவே இருட்டறைக் கதவைத் தட்டினார்.

"அம்மணி, மறுபடி ஒருக்கா வைங்க. காதுல கொஞ்சம் பஞ்சு வெச்சு உடுங்க. இல்லாட்டிக் கை சும்மா இருக்காது."

இந்த முறை ஜோதி கதவோரம் நின்றாள். டிக். நீண்ட நேரம் ஒன்றுமில்லை. டிக். மறுபடியும் ஒன்றுமில்லை. கருவிக்குள் என்னவோ திரும்புவது அவளுக்கே கேட்டது. அவர் கட்டைவிரல் அசையவில்லை. எந்தப் பரீட்சையிலும் தோற்பதற்கு இவ்வளவு சிரத்தை எடுத்துக்கொண்ட ஆளை அவள் பார்த்ததில்லை. ஒரு கண் முடிந்து அடுத்த கண் தொடங்கியதும் அவள் போய்த் தண்ணீர் குடித்துவிட்டு வந்தாள்.

தாளில் நடுவில் ஒரு வெள்ளை வட்டம். சுற்றிலும் கறுப்பு. கண்ணுக்குள் அழுத்தம் ஏறி, ஓரத்துப் பார்வையை மெல்ல மெல்லத் தின்றிருக்கிறது என்று மருத்துவர் சொன்னார். போனது வராது, ராத்திரி தவறாமல் சொட்டு மருந்து விட்டால் இருப்பதைக் காப்பாற்றலாம். வண்டி ஓட்டக் கூடாது. அதை அவர் ஜோதியிடம் சொல்லவில்லை, குணசீலனிடமே சொன்னார். குணசீலன் தாளை வாங்கி, கிட்டே வைத்துப் பார்த்தார், தள்ளி வைத்துப் பார்த்தார்.

"செரிங்க" என்றார்.

மருந்துச் சீட்டை வாங்கிக்கொண்டு வெளியே வந்தார்கள். வண்டி வேப்ப மரத்தடியில் நின்றது. ஜோதி பேச்சை எப்படித் தொடங்குவது என்று யோசித்துக்கொண்டே நடந்தாள். அவளிடம் லைசென்ஸ் இருந்தது. ஆனால் அந்த வண்டியை அவர் யாரிடமும் கொடுத்ததில்லை. சக்கரத்துக்குக் காற்றடிக்கும் கடையில் கூட இறங்க மாட்டார்.

குணசீலன் வண்டியின் முன்பக்கமாகச் சுற்றி, கையால் தடவிக்கொண்டே இடது கதவுக்குப் போனார்.

"கண்ணுக்கு மருந்து உட்டிருக்காங்கல்ல" என்றார், சாவியை நீட்டியபடி. "கூசுது. இன்னைக்கு நீயே ஓட்டு."

அன்றைக்கு அவர் கண்ணில் யாரும் ஒரு சொட்டு மருந்தும் விட்டிருக்கவில்லை.

"சரிப்பா" என்று ஜோதி சாவியை வாங்கிக்கொண்டாள்.

கிளம்பும்போது வண்டி இரண்டு குதி குதித்து நின்றது. "முட்டை ஏத்தீருந்தா இந்நேரம் ஆம்லேட்டு" என்றார். இரண்டாவது தடவை எடுத்தபோது, கட்டுக்கம்பிக் கண்ணாடிக்கு வெளியே தலையை நீட்டி, கழுத்தை முழுக்கத் திருப்பி, முன்னும் பின்னும் பார்த்தார். ரிக் வண்டியில் அவர் வேலைக்குச் சேர்ந்தது கிளீனராக. கதவை வெளிப்பக்கமாக இரண்டு தட்டுத் தட்டினார்.

"போலாம், ரைட்."

சேலம் நகரம் முடியும் திருவாகவுண்டனூர் வரை ஒரு வளைவு விடாமல் அப்படியே திரும்பிப் பார்த்துச் சொல்லிக்கொண்டு வந்தார். ஜோதி அவர் சொன்ன பிறகே ஒவ்வொரு முறையும் வண்டியைத் திருப்பினாள்.